தலைமாட்டில் நின்று கூப்பிட வேண்டும்

என் கண்ணெதிரே அவள் பல தடவை செத்திருக்கிறாள். மண்சரிவில் புதைந்து ஒரு தடவை, பிரசவத்தில் இரண்டு தடவை, குடிகாரப் புருஷன் அடித்து ஒரு தடவை, குளவி கொட்டி ஒரு தடவை. கொழும்பில் ஒரு பெரிய வீட்டு வேலைக்காரியாக மாடியிலிருந்து விழுந்து செத்தது ஒன்று உண்டு. அதை இரண்டு நாள் எடுத்தார்கள், இரண்டு நாளும் செத்தாள். ஒவ்வொரு தடவையும் நான் ஓரமாக ஒரு பிளாஸ்டிக் கதிரையில், மடியில் பிளாஸ்க்கும் கடதாசியில் மடித்த சீனியுமாக உட்கார்ந்திருப்பேன்.

சீனி எதற்கென்று சொல்லிவிடுகிறேன், இல்லாவிட்டால் அவளைப் பற்றி ஒன்றும் விளங்காது. அவள் நடிக்கிற வீட்டில் பிறந்தவள். டிக்கோயாப் பக்கத்துத் தேயிலைத் தோட்டம். தாத்தா காமன் கூத்தில் ரதி வேஷம் கட்டினவர். அவருக்குப் பிறகு அப்பா கட்டினார். அப்பா ரதியாக வந்து புருஷனைப் பறிகொடுத்து அழுதால் தோட்டத்தில் வேலை வாங்குகிற கண்டாக்கையாவே கண்ணைத் துடைக்க லேஞ்சியை எடுத்துவிடுவார் என்பார்கள். சித்தப்பா காமன். பெரிய அண்ணன் இசைக்குழுவில் கீபோர்ட் வாசிக்கிறவன், சின்ன அண்ணன் கல்யாண வீடுகளில் அறிவிப்பாளர். அந்த வீட்டில் பிள்ளை அழுதால்கூட சுதி சேர்கிறதா என்று பார்ப்பார்கள் என்று லயத்தில், தொழிலாளர் வரிசை வீடுகளில், கேலி பேசுவார்கள். கேலி பேசினவர்களே மாசி மாதம் வந்தால் முன்வரிசையில் பாய் போட்டு உட்காருவார்கள்.

கூத்தில் சிவன் காமனை எரித்துவிடுவார். மூன்றாம் நாள் அவனை எழுப்புவார்கள். இது எல்லாத் தோட்டத்திலும் உள்ளது. இவர்கள் வீட்டில் கூடுதலாக இன்னொன்று உண்டு. செத்ததாக நடித்தவர் யாராக இருந்தாலும் வேஷம் கலைப்பதற்கு முன் அவரைத் திரும்ப அழைக்க வேண்டும். தலைமாட்டில் நின்று, வீட்டுப் பேரைச் சொல்லி மூன்று தடவை கூப்பிட வேண்டும். முதல் இரண்டுக்கும் பதில் சொல்லக்கூடாது. மூன்றாவதுக்கு “வந்துட்டேன்” என்று சொல்லி எழும்ப வேண்டும். உடனே நாக்கில் ஒரு சிட்டிகை சீனி. கூப்பிடாமல் விட்டால் ஆள் வீட்டுக்கு வருவார், உயிர் களத்திலேயே கிடக்கும் என்பது அவர்கள் கணக்கு. வீட்டுப் பேர் என்பது இதற்கென்றே வைத்த பேர். பள்ளிக்கூடத்தில் ஒரு பேர், டெலிநாடகத்தில் எழுத்துப் போடும்போது ஒரு பேர், கூப்பிட ஒரு பேர். மூன்றையும் நான் இங்கே எழுதப் போவதில்லை.

நான் எப்படி இதில் மாட்டினேன் என்பது தனிக் கூத்து. ஹட்டன் பஸ் நிலையத்துக்குப் பின்னால் ஒரு சந்தில் எனக்குத் தையல் கடை. புருஷன் கட்டாரில். அவள் என்னிடம் உடுப்புத் தைக்க வருவாள், அதுவும் விசித்திரமாக. புதுச் சட்டை தைத்து, முழங்கையில் கிழித்து, அந்தக் கிழிசலைத் திரும்பத் தைத்துத் தரச் சொல்வாள். தோட்டத்துப் பெண் என்றால் கிழிந்துதான் இருக்க வேண்டும் என்று கொழும்பில் நினைக்கிறார்களாம். “கிழிசலுக்கும் சேத்துக் கூலி வாங்குங்க அக்கா” என்று சிரிப்பாள். இருபத்திரண்டு வயது இருக்கும் அப்போது. பெரிய கண். அந்தக் கண் ஒரு இடத்தில் நிற்காது, யாரோ கூப்பிட்டுவிட்டார்களோ என்று தேடுகிற மாதிரி கதவுப் பக்கமே போய்ப் போய் வரும்.

ஒரு ஞாயிற்றுக்கிழமை மாதா கோயில் பூசை முடிந்து வந்த என்னை அவளுடைய அம்மா லயத்துக்குக் கூட்டிப்போய் உட்காரவைத்து ரொட்டியும் கட்டசம்பலும் வைத்தார். பாதி தின்றபோது விஷயத்துக்கு வந்தார்.

“ஷூட்டிங்குக்குத் தனியா அனுப்பப் பயமா இருக்கு. நீங்க தொணைக்குப் போங்க. போனா நீங்கதான் அவளக் கூப்பிடணும்.”

“நானா? நான் வேதக்காரி, மாமி. அவங்க அப்பா கூப்பிடட்டுமே.”

“அவரு கூப்பிட மாட்டாரு. எங்க வீட்டுல சாப்பிட்டவங்க யாரு வேணும்னாலும் கூப்பிடலாம்.”

அப்போதுதான் தட்டைப் பார்த்தேன். மாமி இன்னொரு ரொட்டியை எடுத்து அதில் வைத்தார். விருந்து எதற்கென்று லேட்டாகத்தான் எனக்கு விளங்கியது.

அப்பா ஏன் கூப்பிட மாட்டார் என்பதை அவளே பிறகு சொன்னாள். அவளுடைய முதல் டெலிநாடகம் ஓடியபோது லயமே அவர்கள் வீட்டில் கூடியிருந்ததாம். அப்பா சட்டை போட்டுக்கொண்டு டிவிக்கு நேரே உட்கார்ந்திருந்தார். அன்றைக்கு அவள் செத்துப்போனாள். மறுநாள் அப்பா அதே நேரத்துக்கு வந்து உட்கார்ந்தார். அதற்கு மறுநாளும். மூன்றாம் நாள் கதையில் அவளைப் பற்றிப் பேச்சே இல்லை, பங்களாவில் யாருக்கோ பிறந்தநாள் கொண்டாடினார்கள். அப்பா எழுந்து டிவியை நிறுத்தினார்.

“நாம சாகடிச்சா மூணாம் நாள் எழுப்பிருவோம். இவனுங்க சாகடிச்சுப்புட்டுக் கேக் வெட்டுறானுங்க” என்றாராம். அன்றிலிருந்து மகளைப் பேர் சொல்லிக் கூப்பிடவில்லை. “கொழும்புக்காரி வந்தாளா, கொழும்புக்காரி சாப்பிட்டாளா” என்பதோடு சரி. பெண் நடிக்கப் போனதில் அவருக்குக் கோபமில்லை. எழுப்பத் தெரியாதவர்களிடம் சாகப் போனதுதான் கோபம்.

அவளோ சாவதில் கெட்டிக்காரி. மற்றவர்கள் கண்ணை மூடிக்கொண்டு படுத்தால் தீர்ந்தது என்று நினைப்பார்கள். இவள் கையைப் பற்றி அரை மணி நேரம் யோசிப்பாள். “மண்ணுக்குள்ள செத்தவளுக்குக் கை மூடியிருக்கும் அக்கா, எதையாவது புடிச்சிருப்பா. புள்ள பெத்துச் செத்தவளுக்குத் தொறந்திருக்கும், விட்டுட்டா இல்லையா?” என்பாள். வயிறு ஆடக்கூடாதென்று முதல்நாளே சாப்பாட்டை நிறுத்திவிடுவாள். வீட்டில் ஒருநாளும் மல்லாந்து படுக்க மாட்டாள். மல்லாந்து கிடப்பது வேலை, வேலையை வீட்டுக்குக் கொண்டுவரக் கூடாது என்பாள். ஒருக்களித்து, முழங்காலை மடக்கி, சுருண்டுதான் தூங்குவாள்.

மூச்சை அடக்கிப் பழகுவது ரயிலில். கொழும்பிலிருந்து திரும்பும்போது ஒரு தடவை வட்டவளையில் ரயில் நின்றது. அங்கே இழுத்த மூச்சை அவள் விடவேயில்லை. நான் முதலில் கவனிக்கவில்லை. எதிரே இருந்த சிங்கள அம்மாதான், “அனே, மே ளமயாட்ட மொகத வெலா?” என்று பதறினார், இந்தப் பிள்ளைக்கு என்ன ஆச்சு என்று. திரும்பிப் பார்த்தால் உதடு நீலம் பூத்திருக்கிறது, கண் திறந்தபடி இருக்கிறது. கையைப் பிடித்துக் கிள்ளினேன். உலுக்கினேன். அவள் மெதுவாக மூச்சை விட்டுவிட்டு, “எவ்வளவு நேரம்னு பாத்தீங்களா?” என்று கேட்டாள். எனக்கு வந்த ஆத்திரத்துக்கு அறைந்திருப்பேன். அந்த அம்மா தன் மடியிலிருந்த தோடம்பழத்தை உரித்து அவளுக்கு ஊட்டினார். அவள் அதை வாங்கித் தின்றுகொண்டே என்னைப் பார்த்துக் கண்ணடித்தாள். அடுத்த ஸ்டேஷன் ரொசெல்ல தாண்டும்வரை அவள் மணிக்கட்டை நான் விடவில்லை.

கூப்பிடுகிற வேலையை நான் ஆரம்பத்தில் விளையாட்டாகத்தான் செய்தேன். நடிப்பு முடிந்து எல்லாரும் கலைந்ததும் அவள் அதே இடத்தில் திரும்பவும் படுப்பாள். நான் தலைமாட்டில் போய் நின்று, யாரும் பார்க்கிறார்களா என்று சுற்றிப் பார்த்துவிட்டு, கடகடவென்று மூன்று தடவை கூப்பிடுவேன். “வந்துட்டேன்” என்பாள். சீனியை வைப்பேன். ஒப்பனைக்காரர் துணியோடு காத்திருப்பார். எல்லாம் ஒரு நிமிஷம். மாதாவே, இது பாவமென்றால் என் கணக்கில் எழுதாதே என்று மனதுக்குள் சொல்லிக்கொள்வேன்.

ஒரு தடவை மட்டும் தவறவிட்டேன். குளவி கொட்டிச் செத்த நாள் அது. கடைசி பஸ்ஸுக்கு நேரமாகிவிட்டது, மழை வேறு. “வீட்டுல வச்சுக் கூப்பிட்டுக்கலாம் புள்ள, வா” என்று கையைப் பிடித்து இழுத்துக்கொண்டு ஓடினேன். பஸ்ஸில் ஏறியதும் எனக்கு மறந்துபோனது. அவளும் வாய் திறக்கவில்லை. மூன்று நாள் கழித்துக் காலையில் கடைக்கு வந்தாள். முகம் வற்றி, உதடு வெடித்து, கொதிக்கிற காய்ச்சலோடு வாசலில் நின்றாள்.

“அக்கா, இன்னும் கூப்பிடல.”

கடையில் நாலு பேர் இருந்தார்கள். கல்யாணச் சட்டைக்கு அளவு கொடுக்க வந்தவர்கள். எதிரே டீக்கடை நடத்துகிற நானாவிடம் ஓடிப்போய் ஒரு கரண்டி சீனி வாங்கிவந்தேன். தேநீருக்குத்தான் என்று நினைத்து, “பாலும் வேணுமா தங்கச்சி?” என்று கேட்டார் மனிதர். தைக்கிற துணிகளை ஒதுக்கிவிட்டுத் தரையில் அவளைப் படுக்கவைத்து, அத்தனை பேருக்கு முன்னால் கூப்பிட்டேன். “வந்துட்டேன்” என்றாள். மறுநாள் காய்ச்சல் விட்டதாக மாமி சொன்னார். அன்றோடு என் விளையாட்டுப் புத்தி போய்விட்டது. அதன் பிறகு பஸ் போனாலும் போகட்டும் என்று நின்று நிதானமாகக் கூப்பிடுவேன், ஒவ்வொரு கூப்பிடலுக்கும் நடுவில் ஒரு அருள்நிறை மரியே சொல்லி.

அவளுக்கு ஒரே ஒரு ஆசை இருந்தது. கடைசிவரை உயிரோடு இருக்கிற வேஷம் ஒன்று. கேட்காத டைரக்டர் இல்லை. ஒருவர் சிரித்துவிட்டு, “தோட்டத்துப் பிள்ளை சாகாவிட்டால் கதை எங்கேம்மா?” என்றார். அவள் அதைச் சொல்லிச் சொல்லிச் சிரிப்பாள். சிரித்து முடித்ததும் கண் கதவுப் பக்கம் போய்விடும்.

பிறகுதான் அந்தப் படம் வந்தது. டெலிநாடகம் இல்லை, சினிமா. வெளிநாட்டு விழாக்களுக்கெல்லாம் போகிற டைரக்டர். அவள்தான் கதாநாயகி, முதல் காட்சியிலிருந்து கடைசிவரை. கடைசியில் சாக வேண்டும், அது இருக்கத்தான் செய்தது. ஆனால் டைரக்டர் அவளிடம் வாக்குக் கொடுத்திருந்தார். இந்தச் சாவை மட்டும் ஒழுங்காகச் செய்துவிட்டால் அடுத்த படத்தில் அவளுக்கு டீச்சர் வேஷம். அந்த டீச்சர் சாகவே மாட்டாள், கிழவியாகிப் பென்ஷன் வாங்குவாள். இதைச் சொல்லும்போது என் கடையில் எழுந்து நின்று கிழவி மாதிரி நடந்து காட்டினாள். அவ்வளவு நல்ல கிழவியை நான் பார்த்ததில்லை.

“இதுதான் கடைசி அக்கா. இந்த ஒரு தடவதான் சாகணும்.”

காசல்ரீ நீர்த்தேக்கத்தில் தண்ணீர் வற்றிச் சேறு வெளியே தெரிந்த காலம் அது. அந்தச் சேற்றில் அவளைக் கிடத்தி, கண் திறந்தபடி, சாயங்கால வெளிச்சத்தில் எடுக்க வேண்டும் என்று டைரக்டர் மாதக்கணக்காகக் காத்திருந்தார். மழை வந்தால் சேற்றைத் தண்ணீர் மூடிவிடும். அந்த வெளிச்சமும் கால்மணி நேரத்துக்கு மேல் நிற்காது. அவள் பத்து நாளாக நோர்வூட்டில் தங்கியிருந்தாள். நான் சாவுக் காட்சிக்குப் போய்ச் சேர்வதாக ஏற்பாடு.

இரண்டு நாள் முன்னால் ரயில் பாலத்துப் படியில் வழுக்கி விழுந்து கணுக்காலை முறித்துக்கொண்டேன். ஆறு கிழமைக்கு, அதாவது ஒன்றரை மாதத்துக்குக் கட்டு. அவளுக்குப் போனில் சொன்னேன். “பரவால்ல அக்கா, நான் பாத்துக்கிறேன்” என்றாள். அந்தக் குரலைக் கேட்டபிறகு எனக்குச் சும்மா இருக்க முடியவில்லை. எழுப்ப ஆளில்லை என்ற பயத்தோடு கிடந்தால் அவள் எப்படி நடிப்பாள்? ஆட்டோ பிடித்து, கட்டுப்போட்ட காலை நீட்டிக்கொண்டு, அவள் அப்பாவிடம் போனேன்.

லயத்துக்குப் பின்னால் லீக்ஸ் பாத்தியில் குனிந்து களை பிடுங்கிக்கொண்டிருந்தார்.

“யாரு அனுப்புனது? கொழும்புக்காரியா?”

“அவளுக்குத் தெரியாது மாமா. நானாத்தான் வந்தேன். நாளைக்கு மறுநாள் அவ சாகுறா.”

பீலியில் தண்ணீர் பிடித்துக்கொண்டிருந்த பக்கத்து வீட்டம்மா குடத்தைக் கீழே போட்டுவிட்டார். அவருக்கு விளக்கம் சொல்லி அனுப்பிவைக்க வேண்டியிருந்தது. அவர் போனதும் மாமா நிமிராமலே கேட்டார்.

“எப்படிச் சாகுறா?”

“தண்ணியில. டேம்ல வத்திப்போன சேத்துல கெடத்தி எடுக்குறாங்களாம்.”

“கண்ணு மூடியா, தொறந்தா?”

“தொறந்து.”

கை நின்றது. “தொறந்தபடி சாகுறது லேசில்ல” என்றார். பிறகு, “நல்லா செய்வாளா?”

“நீங்க பாத்ததில்லயா மாமா?”

“ஒரு தடவ பாத்தேன்.”

திரும்பவும் குனிந்து களையைப் பிடுங்கினார். நான்தான் கெஞ்சினேன். இது பெரிய படம், இதில் நன்றாகச் செய்தால் இனி அவள் சாக வேண்டியதில்லை, எனக்கோ கால் இல்லை, ஒரே ஒரு தடவை நீங்கள் போய்க் கூப்பிட்டுவிட்டு வாருங்கள் என்றேன். சமையலறையில் தேங்காய் துருவுகிற சத்தம் நின்றது, மாமி கேட்டுக்கொண்டிருக்கிறார் என்று தெரிந்தது. மாமா கையிலிருந்த மண்ணைத் தட்டிக்கொண்டு எழுந்தார்.

“சரி. போறேன்.”

எனக்கு அழுகையே வந்துவிட்டது. “மாமா, அங்க போனீங்கன்னா ஒரு ஓரமா நின்னு, அவங்க வந்து...”

“ஏம்மா, எங்க வீட்டு வழக்கத்த எனக்கே சொல்லித் தர்றியா? எங்கப்பன எழுப்புனவன் நான். என் தம்பிய வருஷா வருஷம் எழுப்புறவன். பேசாம வீட்டுக்குப் போய்க் கால நீட்டிப் படு.”

நானும் சந்தோஷத்தில் வந்துவிட்டேன். அந்த அரைகுறை வாக்கியத்தை இன்றைக்கும் நான் மனதுக்குள் முடித்துக்கொண்டிருக்கிறேன். அவர்கள் வந்து ‘கட்’ என்று சொல்லும்வரை வாயைத் திறக்காதீர்கள், ஒரு சாவை நாலைந்து தடவை எடுப்பார்கள், எல்லாம் முடிந்து ஆட்கள் கலைந்தபிறகுதான் கூப்பிட வேண்டும். இவ்வளவுதான் விஷயம். எனக்குப் பழகிப்போனதால் ஊருக்கே தெரிந்த சங்கதி என்று நினைத்துவிட்டேன். கூத்தில் ஆள் விழுந்தால் விழுந்ததுதான், திரும்ப விழச் சொல்ல மாட்டார்கள்.

காட்சி எடுத்த நாள் பூராவும் கட்டுப்போட்ட காலோடு கடையில் உட்கார்ந்திருந்தும் கைத்தையல்கூட ஓடவில்லை. நான்கு மணிக்கு மேகம் கட்டியதைப் பார்த்து ஜெபமாலையை எடுத்தேன். இருட்டிய பிறகு மாமா கடைக்குள் வந்தார். வெள்ளை வேட்டி, வெள்ளைச் சட்டை, முழங்கால்வரை சேறு. ஆனால் முகம் அப்படி மலர்ந்திருந்து நான் பார்த்ததேயில்லை.

“ஒரு டீ சொல்லும்மா” என்று பெஞ்சில் உட்கார்ந்தார். “வந்துட்டா. என் புள்ள வந்துட்டா.”

மேசையில் என் போன் அதிர்ந்தது. படத்தில் வேலைசெய்கிற உதவிப் பெண்ணின் நம்பர். எனக்கு ஏனோ எடுக்கப் பயமாக இருந்தது.

“சேத்துல கெடந்தாம்மா. கண்ணு தொறந்தபடி. ஒரு ஈ வந்து கன்னத்துல ஒக்காந்துச்சு, அசையணுமே! இத்தன வருஷம் ஆடிருக்கேன், எனக்கு அது வராது. அம்புட்டுப் பேரு சுத்தி நிக்கிறானுங்க, ஒருத்தன் வாயத் தொறக்கல. கருவிய வச்சிக்கிட்டுப் பாத்துக்கிட்டே நிக்கிறானுங்க. ஒருத்தனாவது எழுப்பணுமேம்மா! நானே எறங்கிட்டேன்.”

“எறங்கிட்டீங்களா? சேத்துக்குள்ளயா?”

“தலைமாட்டுல நிக்க வேணாமா? ரெண்டு பேரு சத்தமில்லாமக் கைய ஆட்டுனானுங்க. வழி காட்டுறானுங்கன்னு நெனச்சு அந்தப் பக்கமாவே நடந்தேன். மொதத் தடவ கூப்பிட்டேன், அசையல. ரெண்டாந்தடவ, கண்ணுலருந்து தண்ணி எறங்குச்சு. மூணாந்தடவ பேரு முழுசா வரல, அதுக்குள்ள வந்துட்டேன்ப்பான்னு எந்திரிச்சுச் சேத்தோட வந்து கட்டிப் புடிச்சிக்கிட்டா.”

போன் நின்று திரும்பவும் அதிர்ந்தது. அதைக் கவிழ்த்து வைத்தேன்.

“அங்க தொப்பி போட்ட ஆளு ஒருத்தன்மா. தொப்பியக் கழட்டித் தரையில அடிச்சான். அவ்வளவு உருகிட்டான் மனுசன்.”

நானா டீ கொண்டுவந்து வைத்தார். மாமா ஊதி ஊதி ஆறுதலாகக் குடித்தார். அவர் குடித்து முடிக்கும்வரை நான் போனைத் தொடவில்லை. அந்த மனிதரிடம் உண்மையைச் சொல்கிற துணிச்சல் எனக்கு அன்றும் இல்லை, இன்றும் இல்லை.

“அக்கா, யாரு அந்த ஐயா?” என்று அந்த உதவிப் பெண், மாமா போனபிறகு நான் போனை எடுத்தபோது அழுதாள். ஒரே தடவைதான் எடுத்தார்களாம், அதுவும் பாதியில் போனது. வெளிச்சம் இறங்கிவிட்டது. அடுத்த மூன்று நாளும் முயன்றதைப் பிறகு கேள்விப்பட்டேன். மேகம் விலகியது, வெளிச்சமும் கிடைத்தது, அவளால்தான் சாக முடியவில்லை. கண் இமைத்தது. வயிறு ஏறி இறங்கியது. ஒரு தடவை சிரித்தேவிட்டாளாம். டைரக்டர் முதலில் கத்தினார், பிறகு கெஞ்சினார், கடைசியில் பேசுவதை நிறுத்திவிட்டார். நாலாம் நாள் மழை பிடித்தது. வேறு ஒரு பெண்ணுக்கு அவளுடைய உடுப்பைப் போட்டுத் தூரத்தில் கவிழ்த்துக் கிடத்தி எடுத்து முடித்தார்கள்.

டீச்சர் வேஷம் வேறு யாருக்கோ போனது. அதைவிட மோசம், டெலிநாடகக்காரர்களும் கூப்பிடுவதை விட்டார்கள். அவளுக்குச் சாவு வராது என்ற பேச்சு எப்படியோ பரவிவிட்டது. மாமா மட்டும் தோட்டம் பூராவும், சினிமாக்காரர்கள் அத்தனை பேர் பார்க்கத் தன் மகளை எழுப்பிய கதையைச் சொல்லிக்கொண்டு திரிந்தார். மகளை வாய்க்கு வாய் வீட்டுப் பேர் சொல்லிக் கூப்பிட்டார். அவளும் அவரிடம் ஒன்றும் சொல்லவில்லை என்று மாமி சொன்னார்.

கால் கட்டைப் பிரித்த அந்த வாரத்தில் அவள் கடைக்கு வந்தாள். கையில் துணி எதுவும் இல்லை, சும்மாதான் வந்திருந்தாள். நான் அவள் கையைப் பிடித்துக்கொண்டு அழுதுவிட்டேன்.

“ஒரு வார்த்த சொல்லாம விட்டுட்டேன் புள்ள. கட் சொல்றவரைக்கும் இருங்கன்னு ஒரு வார்த்த. ஒன் பொழப்ப நான்தான் கெடுத்தேன்.”

“விடுங்க அக்கா.” பெஞ்சில் உட்கார்ந்தாள். “நான் ஒன்னு சொல்றேன், கோவிச்சிக்கக் கூடாது. நீங்க கூப்பிடுறப்பல்லாம் வந்துட்டேன்னு சொல்வேன்ல? நீங்க பாவம், சீனியக் கையில வச்சிக்கிட்டு நிப்பீங்க, பஸ்ஸும் போயிரும். அதுக்காகச் சொன்னதுதான். வரல அக்கா. ஒரு தடவகூட வரல.”

“இங்க கடையில வச்சுக் கூப்பிட்டேனே, காய்ச்சலோட வந்தியே, அன்னைக்கு?”

“அன்னைக்கும்தான். நீங்க பயந்துட்டீங்க, அதனால சொன்னேன்.”

எத்தனை பஸ்ஸில் என் தோளில் சாய்ந்து தூங்கிக்கொண்டு வந்திருக்கிறாள். அப்படியானால் அது யார் என்று கேட்க வாய்வரை வந்தது. கேட்கவில்லை. தோளைத் தடவிக்கொண்டேன்.

“அப்பா கூப்பிட்டதும் எல்லாரும் ஒன்னா வந்துட்டாங்க அக்கா. மண்ணுக்குள்ள கெடந்தவ, புள்ள பெத்துச் செத்தவ, மாடியிலருந்து விழுந்தவ, எல்லாரும். படுத்துப் பாக்குறேன். ஒருத்தி கண்ண மூடுனா இன்னொருத்தி எந்திரிச்சு ஒக்காந்துக்கிறா. இனிமே எப்படிச் சாகுறது? எனக்கு வேற வேலையும் தெரியாதே.” கண் கதவுப் பக்கம் போகவில்லை, என்னையே பார்த்துக்கொண்டிருந்தது. “ஒரே பசி வேற. எல்லாருக்கும் பசிக்குது அக்கா.”

நான் எழுந்து வாசலுக்குப் போய், எதிர்க் கடையைப் பார்த்து, ரொட்டி போடச் சொன்னேன்.

“எத்தன பேருக்கு தங்கச்சி?” என்று நானா கேட்டார்.

நான் திரும்பி அவளைப் பார்த்தேன். மண்சரிவிலிருந்து தொடங்கி விரலை மடக்கி எண்ண ஆரம்பித்தேன்.